நோல்டேயை நாங்கள் தியாகியாக்கிய கதை

ஒரு திருத்தத்தோடு தொடங்குகிறோம். சென்ற ஆண்டு மே மாதம் எங்கள் வாசிப்பு வட்டத்தின் சார்பில் 16 பக்கத்தில் ஒரு சிறுவெளியீடு கொண்டுவந்தோம். 1933 மே 10 அன்று பெர்லினில் மாணவர்களே கூடி நின்று புத்தகங்களைக் கொளுத்தினார்கள் அல்லவா, அதில் தொடங்கி, 1937 ஜூலையில் மியூனிக்கில் நாஜிகள் நடத்திய 'சீரழிந்த கலை' கண்காட்சி வரை சுருக்கமாகச் சொல்லும் வெளியீடு. 300 பிரதிகள் அச்சிட்டோம். பணம் எங்கள் எட்டுப் பேருடைய பாக்கெட்டிலிருந்து போனது. பின்னட்டைக்கு ஒரு படம் வேண்டும் என்று தேடியபோது எமில் நோல்டே 1912இல் செதுக்கிய 'தீர்க்கதரிசி' கிடைத்தது. மரச்செதுக்கு ஓவியம். ஒட்டிய கன்னம், குழிந்த கண், மூட்டமாய் இறங்கும் தாடி, மற்றதெல்லாம் கறுப்பு. ஜெராக்ஸ் எடுத்தாலும் கெடாத கறுப்பு அது. அதன் கீழே நாங்கள் போட்ட வரி: 'ஹிட்லர் அஞ்சிய தீர்க்கதரிசி'. அந்த வரி தோன்றியபோது எங்களுக்கிருந்த பெருமையை இப்போது நினைத்தால் கூச்சமாக இருக்கிறது.

இரண்டு வாரம் கழித்து, வரலாறு முதலாண்டு படிக்கும் தங்கை ஒருவர் வெளியீட்டோடு வந்தார். பின்னட்டையைத் திருப்பிக் காட்டி, "அண்ணா, இவரு நாஜிக் கட்சியில உறுப்பினரா இருந்தவராம். நீங்க தியாகி மாதிரி போட்டிருக்கீங்க?" என்றார். எங்களில் ஒருவர் சட்டென்று சொன்ன பதில்: "அப்படியெல்லாம் இருக்காதும்மா. அவரு படத்தையெல்லாம் நாஜிங்கதான் பறிமுதல் பண்ணாங்க. இது யாராவது கிளப்பிவிட்ட கதையா இருக்கும்." அவர் வாதாடவில்லை. அலைபேசியைத் தந்து, "நீங்களே படிச்சுப் பாருங்க" என்று மட்டும் சொன்னார்.

படித்தோம். அவர் சொன்னது உண்மை. அதன் பிறகு ஏழெட்டு மாதம் நாங்கள் படித்ததைத்தான் இங்கே எழுதுகிறோம். ஓவியம் நமக்கு எதற்கு, களத்தில் ஆயிரம் வேலை கிடக்கிறதே என்று கேட்கும் தோழர்கள் பொறுத்துக்கொள்ள வேண்டும். சுவரொட்டிக்கும் அட்டைக்கும் படம் தேடும் ஒவ்வொரு முறையும் நாம் ஒரு கலை வரலாற்றை நம்பித்தான் கை நீட்டுகிறோம். அந்த வரலாற்றை எழுதியவர் யார் என்று நாங்கள் கேட்காமல் விட்டதால் வந்த வினை இது.

முதலில் எக்ஸ்பிரஷனிசம் என்றால் என்ன என்று தெரியாத தம்பி தங்கைகளுக்கு. தமிழில் வெளிப்பாட்டுவாதம் என்பார்கள். கண்ணுக்குத் தெரிவதை அப்படியே வரையாமல், அது உள்ளே கிளப்பும் கொதிப்பை வண்ணத்திலும் கோணல் கோட்டிலும் கொட்டுவது. முகம் பச்சையாக இருக்கலாம், தெரு சாய்ந்து கிடக்கலாம். நார்வேயின் எட்வர்ட் மூங்க் வரைந்த 'அலறல்' எல்லோருக்கும் தெரியும். அலைபேசியில் இமோஜியாகவே வந்துவிட்டது. அவர் முன்னோடி. இயக்கமாக அது திரண்டது ஜெர்மனியில். 1905 ஜூன் மாதம் டிரெஸ்டன் நகரத்தில் கட்டிடக்கலை படித்துக்கொண்டிருந்த நான்கு மாணவர்கள், கிர்ஷ்னர், ஹெக்கல், ஷ்மிட்-ராட்லுஃப், பிளைல், சேர்ந்து ஒரு குழு தொடங்கினார்கள். பெயர் 'ப்ரூக்க', அதாவது பாலம். நம் வயதுக்காரர்கள்தான். மரக்கட்டையில் செதுக்கி அச்செடுப்பதை அவர்கள் மீண்டும் உயிர்ப்பித்தார்கள். நோல்டே அவர்களைவிட மூத்தவர். 1906இல் சேர்ந்து அடுத்த ஆண்டே விலகிவிட்டார்.

நாங்கள் இவர்களைத் தெரிந்துகொண்டது ஓய்வுபெற்ற ஓவிய ஆசிரியர் ஒருவரின் வீட்டில். சாரிடம் ஒரு பீரோ நிறைய ஆங்கிலக் கலைநூல்கள் இருந்தன. பெரும்பாலும் பழைய புத்தகக் கடையில் எடை போட்டு வாங்கியவை. ஐம்பது அறுபது ஆண்டுப் பழசு. அவற்றில் நோல்டேயைப் பற்றி வருவதெல்லாம் ஒரே மாதிரிக் கதை: வடக்கு எல்லைக் கிராமத்து விவசாயியின் மகன், தனிமையில் வரைந்தவர், நாஜிகளால் வேட்டையாடப்பட்டவர், தூரிகையைத் தொடக்கூடாது என்று தடை விதிக்கப்பட்டும் ஒளிந்து ஒளிந்து சின்னச் சின்ன நீர்வண்ண ஓவியங்கள் தீட்டியவர், அவற்றை 'தீட்டப்படாத ஓவியங்கள்' என்று அழைத்தவர். படித்தபோது எங்களுக்குக் கண் கலங்கியது. பொய் சொல்ல வேண்டாம், கலங்கத்தான் செய்தது.

இதில் பாதி உண்மை. ஜெர்மன் அருங்காட்சியகங்களிலிருந்து நோல்டேயின் 1052 படைப்புகள் பறிக்கப்பட்டன. வேறு எந்தக் கலைஞருக்கும் அத்தனை இல்லை. 'சீரழிந்த கலை' கண்காட்சியில் சுமார் 650 படைப்புகளை ஏளனம் செய்யவென்றே தொங்கவிட்டார்கள். மியூனிக்கில் மட்டும் 20 லட்சம் பேருக்கு மேல் பார்த்தார்கள். நோல்டே அதில் முன்வரிசையில் இருந்தார். 1941இல் அவரை அரசு கலை மன்றத்திலிருந்து நீக்கி, தொழில்முறையில் இயங்குவதைத் தடுத்தார்கள். விற்கக்கூடாது, காட்சிக்கு வைக்கக்கூடாது. வீட்டுக்குள் வரைவதை யாரும் தடுக்கவில்லை. 'தூரிகையைத் தொடக்கூடாது' என்பதும், காவலர் வந்து சோதனை போட்டார்கள் என்பதும் பின்னால் வளர்ந்த புராணம்.

மீதிப் பாதி இது. நோல்டே 1934இல் வடக்கு ஷ்லெஸ்விக்கின் நாஜிக் கட்சியில் சேர்ந்தார். அதற்கு முந்தைய ஆண்டே, சக ஓவியரான மாக்ஸ் பெக்ஸ்டைன் யூதர் என்று பிரச்சார அமைச்சக அதிகாரி ஒருவரிடம் போட்டுக்கொடுத்தார். பெக்ஸ்டைன் யூதர் இல்லை. ஆனால் ஆக இருந்திருந்தால் மட்டும் என்ன? ஜெர்மனியிலிருந்து யூதர்களை அகற்றுவதற்கு ஒரு திட்டமே தயாரித்தார். அதே 1934இல் வந்த தன்வரலாற்று நூலில் யூத வெறுப்பைத் தாராளமாகக் கொட்டியிருந்தார். போருக்குப் பிறகு வந்த பதிப்பில் அந்தப் பகுதிகள் காணாமல் போயின. தன் ஓவியமே உண்மையான ஜெர்மன் கலை என்று கடைசிவரை ஆட்சிக்கு நிரூபிக்கத் துடித்தார். ஆட்சிதான் அவரை ஏற்கவில்லை.

இது அவர் ஒருவரின் விசித்திரம் என்றும் சொல்ல முடியாது. 1933இல் பெர்லினில் நாஜி மாணவர் அமைப்பின் ஒரு பிரிவே எக்ஸ்பிரஷனிசத்தை 'வடக்கத்திய ஆன்மாவின் கலை' என்று தூக்கிப் பிடித்தது. அந்தக் கலையை நாஜிகள் வெறுத்தார்கள் என்பது நமக்குத் தெரியும். அதைத் தங்களுடையதாக்கலாமா என்று அவர்களுக்குள்ளேயே ஒரு சண்டை நடந்தது என்பது எங்கள் வெளியீட்டில் ஒரு வரிகூட இல்லை. மார்க்சியர்களிடையேயும் இதே கேள்வி புகைந்தது. எக்ஸ்பிரஷனிசத்தின் மங்கலான ஆவேசம் பாசிசத்துக்கு வழிவிட்டது என்று 1934இல் லூக்காச் எழுதினார். 1938இல் எர்ன்ஸ்ட் ப்ளோக் அதை மறுத்து எழுதினார். அந்த விவாதம் ஆங்கிலத்தில் 'அழகியலும் அரசியலும்' என்ற தொகுப்பில் கிடைக்கிறது. கடினமான நூல். இரண்டு ஞாயிற்றுக்கிழமை உட்கார்ந்தும் பாதிதான் புரிந்தது. ஆனால் லூக்காச் எங்களுக்குக் கொஞ்சம் முரட்டுத்தனமாகப் பட்டார். நோல்டேயையும் அவரோடு ஒரே சுவரில் மாட்டப்பட்டவர்களையும் ஒரே தராசில் போட முடியாது.

உதாரணத்துக்கு ஓட்டோ ஃப்ராய்ன்ட்லிஷ். 'சீரழிந்த கலை' கண்காட்சிக் கையேட்டின் அட்டையைப் பார்த்திருப்பீர்கள்: ஒரு பெரிய தலைச் சிற்பம், அதன் மேல் 'கலை' என்ற சொல் மேற்கோள் குறிக்குள் ஏளனமாக. அந்தத் தலை ஃப்ராய்ன்ட்லிஷ் 1912இல் செய்தது. அவர் யூதர். 1943இல் பிரான்சில் பிடிக்கப்பட்டு, போலந்தில் இருந்த மரண முகாமுக்கு அனுப்பப்பட்டுக் கொல்லப்பட்டார். சிற்பம் காணாமல் போய்விட்டது. எங்கள் வெளியீட்டில் அந்த அட்டையைச் சிறிதாக உள்ளே போட்டிருந்தோம். சிற்பியின் பெயரைப் போடவில்லை. நோல்டேயின் பெயரைப் பெரிய எழுத்தில் போட்டிருந்தோம்.

சரி, இந்தப் புராணத்தை நூல்களுக்குள் கொண்டுவந்தது யார்? இங்கேதான் எங்களுக்குத் தூக்கிவாரிப் போட்டது. போருக்குப் பின் மேற்கு ஜெர்மனியில் நவீன ஓவியம் என்றாலே வெர்னர் ஹாஃப்ட்மன் என்ற கலை வரலாற்றாசிரியரின் பெயர்தான் முன்னால் நிற்கும். இருபதாம் நூற்றாண்டு ஓவியம் பற்றி 1954இல் அவர் எழுதிய நூல் பல மொழிகளுக்குப் போனது. காசல் நகரில் 1955இல் தொடங்கிய 'டாக்குமெண்டா' கண்காட்சியின் மூளையாக இருந்தவரும் அவரே. நோல்டேயின் 'தீட்டப்படாத ஓவியங்கள்' பற்றி 1963இல் அழகான ஒரு நூல் எழுதி அந்தக் கதைக்கு முத்திரை குத்தியவரும் அவரே. இந்த ஹாஃப்ட்மன் 1937இலிருந்து நாஜிக் கட்சி உறுப்பினர் என்பது அவர் இறந்து இருபது ஆண்டுகள் கழித்துத்தான் பொதுவெளியில் பேசப்பட்டது. கட்சிக்காரர் ஒருவர், இன்னொரு கட்சிக்காரரைப் பாதிக்கப்பட்டவர் என்று எழுதி வைத்திருக்கிறார். படித்த உலகம் முழுக்க அதை நம்பியிருக்கிறது. அந்த முதல் டாக்குமெண்டாவில் நோல்டேயின் ஓவியங்கள் இருந்தன. ஃப்ராய்ன்ட்லிஷ் இல்லை.

அதன் மேல் ஒரு நாவலும் சேர்ந்துகொண்டது. சீக்ஃப்ரிட் லென்ஸ் 1968இல் எழுதிய 'ஜெர்மன் பாடவேளை'. ஊர்க் காவலர் ஒருவர் மேலிடத்து உத்தரவுப்படி தன் பால்ய நண்பனான ஓவியனை வரையவிடாமல் காவல் காக்கிறார். காவலரின் மகன் அதைப் பார்த்தபடி வளர்கிறான். நல்ல நாவல் என்றுதான் இன்றும் சொல்வோம். கடமை என்ற சொல் ஒரு மனிதனை என்ன செய்யும் என்பதை அதைப் போலச் சொன்ன நூல் குறைவு. ஆனால் ஓவியன் பாத்திரத்துக்கு நோல்டேதான் முன்மாதிரி என்பதால், பள்ளிக்கூடப் பாடமாகவே போன அந்த நாவல், ஒரு தலைமுறைக்கு நோல்டேயை எதிர்ப்பாளராகவே பழக்கிவிட்டது.

பிறகு நோல்டே அறக்கட்டளை தன் ஆவணங்களை ஆய்வாளர்களுக்குத் திறந்துவிட்டது. பெர்ன்ஹார்ட் ஃபுல்டா, ஆயா சோய்க்கா என்ற இரண்டு ஆய்வாளர்கள் கடிதம் கடிதமாகப் படித்தார்கள். 2019இல் பெர்லினில் பெரிய கண்காட்சியும் இரண்டு தொகுதி நூலும் வந்தன. அப்போது ஜெர்மன் பிரதமராக இருந்த அங்கேலா மெர்கலின் அலுவலகச் சுவரில் நோல்டேயின் இரண்டு ஓவியங்கள் தொங்கிக்கொண்டிருந்தன. அந்த ஆண்டே அவை அங்கிருந்து இறக்கப்பட்டன, திரும்பி வந்து அதே சுவரில் ஏறவில்லை. நாங்கள் வெளியீடு அச்சிட்டதோ அதற்கெல்லாம் எத்தனையோ ஆண்டு கழித்து. தேடியிருந்தால் ஐந்து நிமிடத்தில் கிடைத்திருக்கும். தேடவில்லை. ஒடுக்கப்பட்ட கலைஞன் என்ற சொல்லைக் கேட்டதும் எங்களுக்குள் ஏதோ உருகிவிட்டது. உருகியவன் கேள்வி கேட்பதில்லை.

இதையெல்லாம் தெரிந்துகொண்ட பிறகு எங்களுக்குள் சண்டை வந்தது. "படம் நல்லாத்தானே இருக்கு, ஆளைத் தூக்கிட்டுப் படத்தை வச்சுக்கலாம்" என்றார் ஒரு தோழர். "அந்தப் படத்தைப் பார்க்கும்போது இனிமே எனக்கு பெக்ஸ்டைன் ஞாபகம்தான் வரும்" என்றார் இன்னொருவர். இன்றுவரை தீரவில்லை. 'தீர்க்கதரிசி'யை இணையத்தில் திறந்து பார்க்கும்போதெல்லாம் அது இன்னமும் எங்களை நிறுத்துகிறது, என்ன செய்ய? முடிவுக்கு வந்தது ஒன்றுதான்: எங்கள் பின்னட்டையில் அது இருக்கக் கூடாது.

அப்படியானால் யார்? இந்தக் கேள்வியோடு மறுபடியும் சாரின் பீரோவுக்குப் போனோம். அவர் பேசாமல் ஒரு நூலை எடுத்துத் தந்தார். கேத்தே கோல்விட்ஸின் அச்சோவியங்களும் கோட்டோவியங்களும். டோவர் பதிப்பகத்தின் 1969ஆம் ஆண்டு வெளியீடு, கார்ல் சிக்ராசர் தேர்ந்தெடுத்த 83 படங்கள். பக்கத்துக்கு ஒரு படம். விளக்கம் குறைவு. அட்டை பிய்ந்து செலோ டேப் ஒட்டியிருந்தது.

கோல்விட்ஸ் 1867 ஜூலை 8 அன்று பிறந்தவர். நோல்டே பிறந்தது அதே 1867, ஆகஸ்ட் 7. கிட்டத்தட்ட ஒரு மாத இடைவெளி. 1933 பிப்ரவரியில், நாஜிகளைத் தடுக்க சமூக ஜனநாயகக் கட்சியும் கம்யூனிஸ்ட் கட்சியும் தேர்தலில் ஒன்றுசேர வேண்டும் என்ற அவசர அழைப்பில் கையெழுத்திட்டவர்களில் கோல்விட்ஸும் ஒருவர். அதற்காகவே பிரஷ்யக் கலைக் கழகத்திலிருந்து விலக வைக்கப்பட்டார். 1919இல் அந்தக் கழகத்துக்குத் தேர்ந்தெடுக்கப்பட்ட முதல் பெண் அவர். அதே 1933இல் நோல்டே செய்ததை மேலே எழுதிவிட்டோம்.

நூலின் தொடக்கத்தில் 'நெசவாளர் எழுச்சி' வருகிறது. 1844இல் சிலேசியாவில் பசி தாங்காமல் எழுந்த நெசவாளர்களைப் பற்றி கெர்ஹார்ட் ஹவுப்ட்மன் எழுதிய நாடகத்தைப் பார்த்துவிட்டு, 1893 முதல் 1897 வரை உட்கார்ந்து செய்த ஆறு படங்கள். மூன்று கல்லச்சு, மூன்று செப்புத் தகட்டில் அமிலத்தால் அரித்தெடுத்தவை. 1898இல் பெர்லின் கண்காட்சியில் நடுவர்கள் இதற்குத் தங்கப் பதக்கம் பரிந்துரைத்தார்கள். கெய்சர் இரண்டாம் வில்ஹெல்ம் மறுத்துவிட்டார்.

அடுத்தது 'விவசாயிகள் போர்'. 1525இல் ஜெர்மன் விவசாயிகள் நிலப்பிரபுக்களுக்கு எதிராக எழுந்து நசுக்கப்பட்ட கதை, ஏழு படங்களில். முதல் படத்தில் மாடு இழுக்க வேண்டிய ஏரை இரண்டு மனிதர்கள் இழுக்கிறார்கள். உடல் ஏறக்குறைய தரைக்குப் படுத்துவிட்டது. ஐந்தாவது படம் 'வெடிப்பு'. கூட்டம் சீறுகிறது. முன்னால் ஒரு பெண், முதுகு மட்டும் தெரிய, இரண்டு கையையும் தூக்கி அவர்களை ஏவிவிடுகிறாள். கறுப்பு அன்னா என்பது அவள் பெயர். முகம் தெரியாத அந்தக் கைகளைத்தான் நாங்கள் ரொம்ப நேரம் பார்த்துக்கொண்டிருந்தோம். ஆறாவது படம் 'போர்க்களம்'. இரவு. ஒரு தாய் குனிந்து பிணங்களுக்கிடையே தேடுகிறாள். கையில் விளக்கு. வெளிச்சம் விழுவது இரண்டே இடத்தில்: நரம்பு புடைத்த அவள் கையில், அந்தக் கை தொடும் பையனின் முகத்தில். அன்று மாலை விடுதி அறையில் இதைப் பார்த்தபோது யாரும் பேசவில்லை. கொஞ்ச நேரம் கழித்து ஒருவர் எழுந்து போய் அம்மாவுக்கு போன் செய்தார்.

ஆனால் எங்களில் ஒரு தோழி விடவில்லை. "இவங்க யாரு? டாக்டர் வீட்டு அம்மா. நெசவாளியும் இல்லை, விவசாயியும் இல்லை. நம்ம வலியை இன்னொருத்தர் வரைஞ்சு பேர் வாங்குறது இங்க நாம பார்க்காததா?" நியாயமான கேள்வி. கோல்விட்ஸின் கணவர் கார்ல், பெர்லினின் தொழிலாளர் பகுதியில் மருத்துவக் காப்பீட்டு நிதிக்காக வேலை பார்த்த மருத்துவர். நோயாளிகளாக வந்த பெண்களின் கதைகளைக் கேட்டுத்தான் கோல்விட்ஸுக்கு அந்த வாழ்க்கை தெரிந்தது. பதில் தேடி அவருடைய நாட்குறிப்புக்குப் போனோம். மகன் ஹான்ஸ் தொகுத்தது. 1955இல் ஆங்கிலத்தில் வந்தது. அங்கே அவரே ஒளிக்காமல் சொல்கிறார்: தொடக்கத்தில் தொழிலாளர்களை வரைந்ததற்கு இரக்கமோ அரசியலோ காரணமில்லையாம், அவர்கள் அவருக்கு அழகாகத் தெரிந்தார்களாம். இரக்கமெல்லாம் பிறகு, பக்கத்தில் வாழ்ந்த பிறகு வந்ததாம். தோழிக்கு இந்தப் பதில் பிடித்தது என்று சொல்ல மாட்டோம். "பொய் சொல்லலை, அது வரைக்கும் சரி" என்றார்.

அந்த நாட்குறிப்பில் இன்னும் கனமான ஒன்று இருக்கிறது. 1914இல் போர் தொடங்கியதும் இளைய மகன் பீட்டர் தானாக முன்வந்து சேர விரும்பினான். வயது 18. தகப்பன் சம்மதம் வேண்டும். கார்ல் மறுத்தார். மகனுக்காகக் கணவரிடம் பேசிச் சம்மதிக்க வைத்தவர் கோல்விட்ஸ். அக்டோபரில் பெல்ஜியத்தில் பீட்டர் இறந்துபோனான். அவன் கல்லறைக்கு ஒரு நினைவுச் சின்னம் செய்ய முயன்று, கலைத்து, மீண்டும் தொடங்கி, 1932இல்தான் முடித்தார். முழந்தாளிட்ட தாய், தகப்பன். இருவருக்கும் அவர்களுடைய முகங்களே. 1924இல் 'இனி ஒருபோதும் போர் வேண்டாம்' என்று கையை உயர்த்தும் சுவரொட்டியைச் செய்தவர், பத்து ஆண்டு முன்பு மகனைப் போருக்கு அனுப்பிய தாய். நோல்டேயிடம் சூடு பட்டிருந்ததால், இந்த முறை நாங்கள் யாரையும் புனிதராக்கும் அவசரத்தில் இல்லை.

கலைநூல்கள் பலவற்றில் கோல்விட்ஸ் எக்ஸ்பிரஷனிசத்தின் வாசற்படியில்தான் நிற்கிறார். எக்ஸ்பிரஷனிசக் குழு எதிலும் சேராதவர், வண்ணம் குறைவு, கதை சொல்கிறார் என்று காரணம் சொல்வார்கள். அவருக்கும் ஓவியக்கூடத்துக்குள்ளேயே பேசி முடியும் கலைமீது நம்பிக்கை குறைவு. ஆனால் 1919 ஜனவரியில் கொல்லப்பட்ட கார்ல் லீப்னெக்டுக்கு அவர் செய்த நினைவோவியம் மரச்செதுக்கு. முதலில் செப்புத் தகட்டில் முயன்றார், பிறகு கல்லச்சில், திருப்தி வரவில்லை. எர்ன்ஸ்ட் பார்லாகின் மரச்செதுக்குகளைப் பார்த்த பிறகு கட்டையைக் கையிலெடுத்தார். வரிசையாகக் குனியும் தொழிலாளிகள், வெள்ளைத் துணிக்குள் கிடத்திய உடல். இத்தனைக்கும் அவர் லீப்னெக்டின் கட்சிக்காரர் அல்ல.

இந்தப் படங்கள் எங்கெல்லாம் போயின என்று தேடியபோது சீனா வந்தது. 1931 பிப்ரவரியில் ஷாங்காயில் ரோ ஷி என்ற இளம் எழுத்தாளர் தோழர்களோடு சுட்டுக் கொல்லப்பட்டார். அவருடைய தாய்க்குக் கண் தெரியாது. மகன் இறந்த செய்தியும் அவருக்குத் தெரியாது. வெளிப்படையாக அஞ்சலி எழுத வழியில்லாத நேரம். லூ சுன், கோல்விட்ஸின் 'பலி' என்ற மரச்செதுக்கை, ஒரு தாய் தன் குழந்தையைக் கண்மூடி நீட்டும் படத்தை, ஓர் இதழில் வெளியிட வைத்தார். அதே ஆண்டு இளைஞர்களுக்கு மரச்செதுக்குப் பயிற்சி நடத்தினார். 1936இல், தான் இறக்கும் ஆண்டில், கோல்விட்ஸின் படங்களைத் தன் செலவில் தொகுப்பாக அச்சிட்டார். 103 பிரதிகள்தான். 'உரிமை பதிப்பாளருக்கே' என்று போடும் இடத்தில், மறு அச்சிடுபவருக்குப் புண்ணியம் சேரும் என்ற பொருளில் ஒரு வரி போட்டிருந்தார். ஜெராக்ஸ் கடையை நம்பி இயக்கம் நடத்தும் எங்களுக்கு அந்த வரியைப் படித்ததும் சிரிப்பு தாங்கவில்லை.

இந்தியாவுக்கும் இந்த நூல் வரிசை வந்து சேர்கிறது. சோம்நாத் ஹோர் வங்காளத்தில் 1946இல் தேபாகா போராட்டத்தின்போது கிராமம் கிராமமாகப் போய், விளைச்சலில் மூன்றில் இரண்டு பங்கு கேட்ட குத்தகை விவசாயிகளை வரைந்து, நாட்குறிப்பும் எழுதினார். அது நூலாக வந்திருக்கிறது. அவர் அச்சோவியங்களில் கோல்விட்ஸின் தாக்கத்தைப் பலரும் பேசியிருக்கிறார்கள். நாக்பூரில் பிறந்த தலித் ஓவியர் சவி சாவர்க்கரின் கறுப்புக் கோடுகளையும் எக்ஸ்பிரஷனிசத்தோடு சேர்த்துப் பேசுவோர் உண்டு. கேரி டார்டகோவ் தொகுத்து 2012இல் வந்த தலித் கலை பற்றிய ஆங்கில நூல் அதற்கு ஒரு வாசல். விலை நமக்குக் கட்டாது, நூலகத்தில் கேளுங்கள். சாவர்க்கரைப் பற்றி எங்கள் தோழி தனியாக எழுதுவதாகச் சொல்லியிருக்கிறார்; விட மாட்டோம்.

இன்னொன்றையும் சொல்ல வேண்டும், ஏனென்றால் இதுதான் கடைசியில் எங்களை அதிகம் உறுத்தியது. ப்ரூக்க ஓவியர்களின் நூல்களைப் புரட்டினால் திரும்பத் திரும்ப ஒரு சிறுமி வருவாள். செதுக்கிய நாற்காலி முன் பச்சை முகத்தோடு உட்கார்ந்திருக்கும் கிர்ஷ்னரின் 1910ஆம் ஆண்டு ஓவியம் புகழ்பெற்றது. நூல்களில் அவள் பெயர் 'ஃப்ரென்சி', அவ்வளவுதான். கிர்ஷ்னர், ஹெக்கல், பெக்ஸ்டைன் மூவரும் மோரிட்ஸ்பர்க் ஏரிக்கரைக்குக் கூட்டிப் போய் அவளை மாடலாக நிறுத்தினார்கள். அவளுக்கு அப்போது ஒன்பது, பத்து வயது. ஏழைக் குடும்பத்துப் பிள்ளை. அந்த வயதுக் குழந்தையை அப்படி நிறுத்தியது சரியா என்று நெடுங்காலம் எந்த நூலும் கேட்கவில்லை; 'இயற்கையோடு இயைந்த சுதந்திரம்' என்று எழுதிக் கடந்தார்கள். யாருடைய சுதந்திரம்? 1995இல்தான் தேவாலயப் பதிவேடுகளைப் புரட்டி அவளுடைய முழுப் பெயரைக் கண்டுபிடித்தார்கள்: லீனா ஃப்ரான்சிஸ்கா ஃபேர்மன். 1900இல் பிறந்தவள், 1950இல் இறந்துவிட்டாள்.

கிர்ஷ்னரின் டிரெஸ்டன் படங்களில் கறுப்பின மனிதர்கள் இருவர் வருகிறார்கள், சாம், மில்லி. சர்க்கஸில் வேலை செய்தவர்கள் என்கிறார்கள். அவர்களுக்கு இன்னும் குடும்பப் பெயர்கூடக் கிடைக்கவில்லை. அந்த ஓவியர்களுக்கு 'ஆதிக் கலை'யைக் காட்டியது டிரெஸ்டனின் இனவியல் அருங்காட்சியகம். அங்கிருந்த மரச்சிற்பங்கள் காலனிகளிலிருந்து வந்தவை. கிர்ஷ்னரும் பிறகு நாஜிகளின் ஏளனத்துக்கு ஆளானார். 639 படைப்புகள் பறிக்கப்பட்டன. 1938 ஜூன் 15 அன்று சுவிட்சர்லாந்தில் தற்கொலை செய்துகொண்டார். அவர் மேல் எங்களுக்கு வருத்தம் உண்டு. மில்லியின் முழுப் பெயரும் எங்களுக்கு வேண்டும். அதே மோரிட்ஸ்பர்க்கில்தான் கோல்விட்ஸ் 1945 ஏப்ரல் 22 அன்று, போர் முடிய சில நாட்கள் இருக்கையில், இறந்தார். ஒரே ஊர் என்பதைத் தவிர இதற்கு வேறு பொருளில்லை. வரைபடத்தில் பார்த்தபோது எங்களுக்கு ஒரு மாதிரி இருந்தது, அதனால் எழுதினோம்.

வெளியீட்டில் 70 பிரதிகள் மிச்சமிருந்தன. தூக்கி எறிய மனம் வரவில்லை. ஒரு திருத்தச் சீட்டு அடித்துப் பின்னட்டையின் மேலே ஒட்டினோம். நோல்டே யார், நாங்கள் எங்கே தவறினோம், கையேட்டு அட்டையில் இருந்த சிற்பத்தைச் செய்தவர் பெயர் என்ன, மூன்று தகவல். ஒட்டும்போது பாதிச் சீட்டுகள் கோணலாகிவிட்டன, கீழே 'தீர்க்கதரிசி'யின் தாடி எட்டிப் பார்க்கிறது. முதல் பிரதியைக் கேள்வி கேட்ட தங்கையிடமே கொடுத்தோம். சீட்டைப் படித்துவிட்டு, "ஃப்ராய்ன்ட்லிஷ்ல ஒரு எழுத்து விட்டுட்டீங்க அண்ணா" என்றார். 69 சீட்டிலும் பேனாவால் திருத்தினோம்.

ஏற்கெனவே வாங்கிப் போன 230 பேரில் உங்களில் யாராவது இருந்தால், சீட்டை வந்து வாங்கிக்கொள்ளுங்கள். பிறகு ஒரு வேண்டுகோள்: சோம்நாத் ஹோரின் தேபாகா நாட்குறிப்பு, சாரின் பிரதி, போன மாதம் விடுதியிலிருந்து யாரோ எடுத்துப் போயிருக்கிறீர்கள். அடுத்த ஞாயிறு அதைத்தான் படிக்கப் போகிறோம். கொண்டுவந்து கொடுத்துவிடுங்கள், தோழர்.